கச்சத்தீவு அந்தோணியார் திருவிழா: கடலூரிலிருந்து நேரே படகில் போகலாமா, பாஸ்போர்ட் வேண்டுமா?

கேட்டவர் கடலூர் முதுநகர்க்காரர். 68 வயது அம்மா கச்சத்தீவு அந்தோணியாருக்கு நேர்ந்துகொண்டிருக்கிறார். பாஸ்போர்ட் கிடையாது. துறைமுகத்தில் மாமாவுக்கு விசைப்படகு இருக்கிறது, அதிலேயே நேராகப் போய் வந்துவிட முடியாதா, திருவிழாக் கூட்டம் இல்லாத ஒரு நாளில் போனால் அம்மாவுக்கும் நல்லதுதானே என்கிறார். கிறிஸ்தவர் அல்லாத அண்ணியும் வர ஆசைப்படுகிறாராம். அவர் அரசுப் பள்ளி ஆசிரியை. தீவைப் பற்றி உலவும் கதைகளில் எது உண்மை என்றும் கேட்கிறார். இது வழி கேட்கிற கேள்வி மட்டும் இல்லை. ஒப்பந்தத்தில் நமக்குப் போகிற உரிமை இருக்கும்போது நம் இஷ்டத்துக்கு ஏன் போக முடியாது என்பதுதான் இதில் முக்கியமான கேள்வி. கடலூர், புதுச்சேரிப் பங்குகளிலிருந்து போகும் குழுக்களுக்கு ஏற்பாடு செய்துகொடுக்கும் பழக்கத்தில், தெரிந்ததை முழுதாகவே எழுதுகிறேன்.

முதலில் மாமாவின் படகு. அந்த யோசனையை இப்போதே விட்டுவிடுங்கள். கச்சத்தீவு இருப்பது பாக்கு நீரிணையில், ராமேசுவரத்துக்கு வடகிழக்கே. கடலூரிலிருந்து கோடியக்கரையைச் சுற்றிக்கொண்டுதான் போக வேண்டும். நேர்கோட்டில் அளந்தாலே 260 கிலோமீட்டருக்கு மேல். சுற்றிப் போனால் 150 கடல் மைல் அளவில் வரும். ஏழெட்டு நாட் (மணிக்கு ஏழெட்டுக் கடல் மைல்) வேகத்தில் ஓடும் விசைப்படகுக்கு ஏறத்தாழ 20 மணி நேரம், ஒரு பக்கம் மட்டும். தூரமாவது பரவாயில்லை என்று வைத்தாலும் எல்லை இருக்கிறது. 1974 ஒப்பந்தத்தில் போட்ட கடல் எல்லைக் கோடு தீவின் மேற்குக் கரையிலிருந்து ஒரு மைல் தள்ளிப் போகிறது. அதாவது தீவு முழுக்க இலங்கைப் பக்கம். அனுமதிப் பட்டியலில் இல்லாத தமிழ்நாட்டு விசைப்படகு அந்தக் கோட்டைத் தாண்டினால், உள்ளே இருப்பது யாத்திரிகரா மீனவரா என்று இலங்கைக் கடற்படை விசாரித்துக்கொண்டிருக்காது. படகு பறிபோகும், டிரைவர் சிறைக்குப் போவார். 2018இல் அவர்கள் சட்டத்தைத் திருத்தி அபராதத்தைப் பல மடங்கு ஏற்றிய பிறகு, பிடிபட்ட படகை மீட்பது பெரும்பாடு.

சட்டப்படி போகிற வழி ஒன்றே ஒன்றுதான். ஆண்டுக்கு ஒரு முறை, திருவிழாவின் இரண்டு நாட்கள், ராமேசுவரத்திலிருந்து, பெயர் பதிந்த படகில், பெயர் பதிந்த பயணியாக. நாட்டுப்படகானாலும் விசைப்படகானாலும் மீன்வளத் துறையும் மாவட்ட நிர்வாகமும் பார்த்து ஒப்புக்கொண்ட படகுகள் மட்டுமே கிளம்பும். அந்த நாட்களில் ராமேசுவரத்தில் மீன்பிடிக்கப் போகிறவர்களுக்குக் கடலுக்குப் போக அனுமதிக்கும் டோக்கன் நிறுத்தப்படும். யாத்திரைப் படகும் மீன்பிடிப் படகும் ஒன்றோடொன்று கலந்துவிடக் கூடாது என்பதற்காக.

பாஸ்போர்ட் விஷயத்தில் அம்மாவுக்கு நல்ல செய்தி. வேண்டாம். 1974 ஜூன் மாதம் இந்திரா காந்தியும் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தின் 5ஆவது பிரிவு, இந்திய மீனவர்களும் யாத்திரிகர்களும் அதுவரை போய்வந்தபடியே கச்சத்தீவுக்குப் போகலாம், அதற்காக இலங்கை பயண ஆவணமோ விசாவோ கேட்காது என்று சொல்கிறது. இது உறுதியானது, இன்றும் திருவிழா நடப்பது இந்தப் பிரிவின் மேல்தான். ஆனால் 'எப்போது வேண்டுமானாலும்' என்று அந்தப் பிரிவில் எழுதியிருப்பதாகப் பலர் எடுத்துக்கொள்கிறார்கள். அப்படி இல்லை, 'அதுவரை போய்வந்தபடி' என்றுதான் இருக்கிறது. அதற்கு என்ன பொருள் என்பதில் வாதம் நடக்கலாம். நடைமுறையில் இரண்டு அரசுகளும் திருவிழா நாட்களைத்தான் அங்கீகரிக்கின்றன. மற்ற நாட்களில் நம் பக்கத்திலிருந்து யாத்திரையாகப் போக ஏற்பாடு எதுவும் கிடையாது. ஆள் குடியிருக்காத தீவுதான் என்றாலும் ஆளே இல்லாத தீவு என்று நினைக்க வேண்டாம், இலங்கைக் கடற்படை அங்கே இருக்கிறது.

இதோடு மீன்பிடி உரிமையைச் சேர்த்துக் குழப்பிக்கொள்கிறவர்கள் நிறைய. யாத்திரை உரிமை 5ஆவது பிரிவில் வெளிப்படையாக இருக்கிறது. மீன்பிடிப்பு பற்றி அப்படி வெளிப்படையான வாசகம் இல்லை. 1976 மார்ச்சில் இரு நாடுகளும் கடிதம் மாற்றிக்கொண்டபோது ஒருவர் கடலில் மற்றவர் மீன்பிடிப்பதில்லை என்று எழுதிவிட்டார்கள். நம் மீனவர்கள் தீவில் வலை உலர்த்துவது, இளைப்பாறுவது எந்த அளவுக்கு இன்னும் செல்லும் என்பதெல்லாம் தீராத வழக்கு. அதில் நீங்கள் எந்தப் பக்கமாகவும் இருங்கள், அம்மாவின் பயணத்துக்கு அது தேவையில்லை.

புதுச்சேரிக்காரர்களுக்கு மட்டும் இங்கே ஒரு வார்த்தை. 5ஆவது பிரிவு சொல்வது இந்திய யாத்திரிகர்களை. நம் ஊரில் பிரெஞ்சுக் குடியுரிமை வைத்திருக்கும் தமிழ்க் குடும்பங்கள் ஏராளம், பலர் நல்ல அந்தோணியார் பக்தர்கள். வெளிநாட்டு இந்தியர் அட்டை கையில் இருந்தாலும் இந்த வழி அவர்களுக்குத் திறக்காது. அவர்கள் இலங்கை விசாவோடு யாழ்ப்பாணம் போய், குறிகட்டுவான் துறையிலிருந்து அந்தப் பக்கத்து யாத்திரிகர்களோடு போவதுதான் முறை. அதேபோல, கீழ்ப்புத்துப்பட்டு போன்ற அகதி முகாம்களில் இருக்கும் இலங்கைத் தமிழர்களையும் ராமேசுவரம் வழியாக அனுப்புவதில்லை. நாகப்பட்டினம்–காங்கேசன்துறை கப்பலைப் பற்றியும் அடிக்கடி கேட்கிறார்கள். அது 2023 அக்டோபரில் தொடங்கிய சாதாரணப் பயணிகள் சேவை. பாஸ்போர்ட் கட்டாயம், கச்சத்தீவுக்குப் போகாது.

எப்போது திருவிழா? புனித அந்தோணியாரின் திருநாள் ஜூன் 13. தீவில் விழா நடப்பதோ தவக்காலத்தில், பிப்ரவரி கடைசி அல்லது மார்ச் முதல் பாதி. கடலோரத்தில் இருக்கிறவர்களுக்கு இதைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஜனவரியோடு வாடைக்காற்று ஓய்ந்துவிடும், மே கடைசியில் தென்மேற்குக் காற்று ஏறிவிடும், இரண்டுக்கும் நடுவில்தான் பாக்கு நீரிணை அடங்கியிருக்கும். ஜூன் 13 என்பது இப்போது மீன்பிடித் தடைக்காலத்துக்குள்ளேயே வருகிறது: ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை. நாள் குறிப்பதில் இன்னொரு ஒழுங்கும் இருக்கிறது. 2018 பிப்ரவரி 23, 2019 மார்ச் 15, 2020 மார்ச் 6, 2022 மார்ச் 11, 2023 மார்ச் 3, 2024 பிப்ரவரி 23, 2025 மார்ச் 14. எல்லாமே வெள்ளிக்கிழமை, எல்லாமே தவக்காலம் தொடங்கும் சாம்பல் புதனுக்குப் பிறகு வரும் இரண்டாவது வெள்ளி. மறுநாள் சனிக்கிழமை நிறைவு. அதற்கு முந்தைய ஆண்டுகளில் சனி, ஞாயிறாக நடந்திருக்கிறது. இந்தக் கணக்குப்படி 2027இல் சாம்பல் புதன் பிப்ரவரி 10 என்பதால் விழா பிப்ரவரி 19, 20இல் விழ வேண்டும். இது என் கணக்கு, அறிவிப்பு இல்லை. நாளை முடிவு செய்வது யாழ்ப்பாண மறைமாவட்டம். அங்கிருந்து அழைப்பு வந்த பிறகுதான் எதுவும் உறுதி. லீவு சொல்லி வைக்க இந்தக் கணக்கு போதும், ரயில் டிக்கெட்டை அதன்மேல் எடுக்க வேண்டாம்.

பதிவு நடப்பது ராமேசுவரம் வேர்க்கோடு புனித சூசையப்பர் ஆலயத்தில். ராமேசுவரம் சிவகங்கை மறைமாவட்டத்தில் இருக்கிறது, ஆகவே நம் புதுவை–கடலூர் உயர்மறைமாவட்டத்துக்கு இதில் அதிகாரம் எதுவும் இல்லை. உங்கள் பங்குத்தந்தை ஒரு கடிதம் கொடுத்தால் உதவியாக இருக்கும், அவ்வளவுதான். ஜனவரி தொடக்கத்திலேயே வேர்க்கோடு பங்கு அலுவலகத்தைத் தொடர்பு கொள்ளுங்கள். விண்ணப்பப் படிவத்தோடு ஆதார் அல்லது வாக்காளர் அட்டை நகல், பாஸ்போர்ட் அளவு புகைப்படங்கள், படகுக் கட்டணம் ஆகியவை வழக்கமாகக் கேட்கப்படும். உள்ளூர்க் காவல் நிலையத்தில், வழக்கு எதுவும் இல்லை என்று சான்று வாங்கி வரச் சொல்வதும் உண்டு. கடலூரில் அதை வாங்க ஒரு வாரம் பத்து நாள் ஆகலாம் என்று வைத்துக்கொண்டு முன்கூட்டியே இறங்குங்கள். கட்டணம் ஆண்டுக்கு ஆண்டு மாறும், டீசல் விலைக்குத் தக்க ஏறும். நபருக்குச் சில ஆயிரத்துக்குள்தான் இருக்கும். பதிவில் தடுமாறுவது பெரும்பாலும் ஒரே இடத்தில்: விண்ணப்பத்தில் எழுதிய பெயரும் அடையாள அட்டையில் இருக்கும் பெயரும் ஒன்றாக இருப்பதில்லை. ஞானஸ்நானப் பெயர் 'அந்தோணியம்மாள்', ஆதாரில் 'லட்சுமி' என்று இருக்கும் அம்மாமார்கள் நம் பக்கத்தில் நிறைய. ஆதாரில் எப்படி இருக்கிறதோ அப்படியே, இனிஷியல் உட்பட, எழுதுங்கள். படகுவாரியாகப் பெயர்ப் பட்டியல் போட்டுத்தான் இரண்டு கடற்படைக்கும் கொடுக்கிறார்கள். பட்டியலில் ஒரு பெயர், கையில் வேறு பெயர் என்றால் படகுத்துறையில் (ஜெட்டியில்) நிறுத்திவிடுவார்கள். நகல் போதாது, அசல் அட்டையும் கையில் இருக்க வேண்டும். குடும்பமாகப் போகிறவர்கள் எல்லார் விண்ணப்பத்தையும் ஒரே கட்டாகக் கொடுத்து ஒரே படகு கேளுங்கள். தனித்தனியாகக் கொடுத்தால் அம்மா ஒரு படகு, நீங்கள் ஒரு படகு என்று ஆகிவிடும்.

அண்ணி வரலாம். அந்தோணியார் கோயிலுக்கு மதம் பார்த்து ஆள் வருவது நம் ஊரிலேயே இல்லை, அங்கே எப்படி இருக்கும்? கச்சத்தீவுக்கு இந்து மீனவர்கள் காலங்காலமாகப் போகிறார்கள். படிவம் எல்லாருக்கும் ஒன்றே. ஆனால் அரசு ஊழியர் என்பதால் துறையின் தடையில்லாச் சான்று கேட்பார்கள். தலைமையாசிரியர் கையெழுத்தோடு முடியுமா, மாவட்டக் கல்வி அலுவலர் வரை போக வேண்டுமா என்பதை அலுவலகத்திலேயே கேட்டுத் தெரிந்துகொள்ளட்டும். கோப்பு நகரும் வேகம் தெரிந்ததுதானே, டிசம்பரிலேயே விண்ணப்பித்துவிடுவது நல்லது.

ராமேசுவரத்துக்கு வியாழன் மாலைக்குள் போய்ச் சேர்ந்துவிடுங்கள். 2025 ஏப்ரல் 6இல் புதிய பாம்பன் பாலம் திறந்த பிறகு ரயில்கள் மறுபடி தீவுக்குள் போகின்றன. திருப்பாதிரிப்புலியூர் வழியாக ரயில் இருக்கிறது; கால அட்டவணையைப் பார்த்துக்கொள்ளுங்கள். சாலையில் போனால் சிதம்பரம், நாகப்பட்டினம், திருத்துறைப்பூண்டி, தொண்டி, ராமநாதபுரம் என்று கிழக்குக் கடற்கரைச் சாலை, முந்நூறு கிலோமீட்டருக்கு மேல். வேனில் இரவெல்லாம் உட்கார்ந்து வந்து விடிகாலையில் நேரே ஜெட்டி வரிசையில் நிற்பதுதான் பலரும் செய்வது. அம்மா வயதுக்காரர்களுக்கு அது ஆகாது. தூக்கம் கெட்ட வயிற்றோடு படகில் ஏறினால் பத்தாவது நிமிஷம் வாந்தி.

வெள்ளிக்கிழமை காலை துறைமுகத்தில் வரிசை. அடையாள அட்டை, பட்டியல், பை என்று சுங்கத் துறையும் கடலோரக் காவல் படையும் காவல்துறையும் மாறி மாறிப் பார்ப்பார்கள். மது, பாலித்தீன், விற்கிற அளவுக்குச் சரக்கு மூன்றும் கூடாது. பீடி, துணி, மசாலாவைக் கட்டுக்கட்டாகக் கொண்டுபோய்ப் பண்டமாற்று செய்த காலம் போய்விட்டது. படகில் ஏறுமுன் உயிர்காப்புக் கவசம் கொடுப்பார்கள். வியர்க்கிறது என்று கழற்றி மடியில் வைத்துக்கொள்கிறார்கள். செய்யாதீர்கள். அம்மாவுக்குக் கொடுத்ததை நீங்களே மாட்டி, இடுப்பு வாரை இறுக்கிப் பாருங்கள். தோளைப் பிடித்து மேலே தூக்கினால் கவசம் காதுவரை ஏறக் கூடாது. ஏறினால் அளவு பெரிது, மாற்றிக் கேளுங்கள்.

விசைப்படகுக்கு முப்பது முப்பத்தைந்து பேர், நாட்டுப்படகுக்கு அதில் பாதி என்ற அளவில் ஏற்றுவார்கள். இரண்டிலும் இடம் இருந்தால் அம்மாவுக்கு விசைப்படகு கேளுங்கள். தூரம் 33 கிலோமீட்டர் என்று எங்கும் எழுதியிருக்கும். வரைபடத்தில் ராமேசுவரம் நகரிலிருந்து நேராக அளந்தால் 25 கிலோமீட்டர் அளவில்தான் வருகிறது. எதுவானாலும் வரிசையாக, மெதுவாக, எல்லைவரை நம் கடலோரக் காவல் படையும் அப்புறம் இலங்கைக் கடற்படையும் கூடவர, இரண்டு மூன்று மணி நேரம் பிடிக்கும். கடலூர்க் கடலைப் பார்த்துப் பழகியவர்களுக்கு இந்தக் கடல் வேறு மாதிரி. நம்முடையது திறந்த கடல், நீளமான அலை. முகத்துவாரத்தைத் தாண்டிவிட்டால் படகு ஏறி இறங்கிப் போகும். பாக்கு நீரிணை ஆழம் குறைந்தது, பத்துப் பதினைந்து மீட்டருக்குள். காற்று கொஞ்சம் எழுந்தாலும் அலை குட்டை குட்டையாக, அடுத்தடுத்து வந்து படகைக் குலுக்கும். படகின் முன்பக்கம், அணியத்தில் உட்கார்ந்தால் காற்று வரும் என்று இளசுகள் ஓடிப் போய் உட்காரும், குலுக்கல் அதிகம் அங்கேதான். நடுப்படகில், புகை வராத பக்கம், கண் தொடுவானத்தில் படும்படி அம்மாவை உட்கார வையுங்கள். செல்போனைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தால் தலைசுற்றல் நிச்சயம். அவோமின் போன்ற மாத்திரை எடுப்பதானால் ஏறுவதற்கு ஒருமணி, இரண்டுமணி முன்பே எடுக்க வேண்டும், குமட்டல் வந்தபின் விழுங்கிப் பயனில்லை. அது தூக்கம் தரும். இரத்த அழுத்தம், கண் அழுத்தம், சிறுநீர்ப் பிரச்சினைக்கு மருந்து சாப்பிடுகிறவர் என்றால் மருத்துவரைக் கேட்காமல் கொடுக்காதீர்கள். காலையில் வெறும் வயிறும் வேண்டாம், எண்ணெய்ப் பலகாரமும் வேண்டாம், இரண்டு இட்லி போதும்.

இறங்குவதுதான் அம்மாவுக்குக் கடினமான இடம். தீவைச் சுற்றிப் பவளக் கல்லும் ஆழமில்லாத் திட்டும். விழாவுக்குத் தற்காலிக இறங்குதுறை போட்டிருப்பார்கள் என்றாலும், படகுகள் ஒன்றை ஒன்று அணைத்துக் கட்டி நிற்கும்போது ஒரு படகிலிருந்து இன்னொன்றுக்குக் கால் வைத்துத் தாண்ட வேண்டிவரலாம். முழங்கால் மடங்காதவர் என்றால் இதை இப்போதே யோசியுங்கள். தாண்டும்போது கை நீட்டுகிறவரின் மணிக்கட்டைப் பிடிக்க வேண்டும், விரலை இல்லை. இரண்டு படகும் சமமாக வரும் கணத்தில் டிரைவர் சொல்வார், அப்போது வைத்தால் போதும். பின்பக்கம் வார் உள்ள செருப்பு போட்டுவிடுங்கள். ரப்பர் செருப்பு வழுக்கும், வெறுங்காலைக் கல் கிழித்துவிடும்.

தீவு சிறியது. 285 ஏக்கர், நீளம் ஒன்றரைக் கிலோமீட்டரைக் கொஞ்சம் தாண்டும், அகலம் சில நூறு மீட்டர். குடிநீர் ஊற்று கிடையாது. அதனால்தான் யாரும் குடியேறவில்லை. முட்புதரும் மணலும் கல்லும். கோயில் இரண்டு இருக்கும், பழைய சிறு கோயில் ஒன்று, இலங்கைக் கடற்படை கட்டி 2016 டிசம்பரில் யாழ்ப்பாண ஆயர் திறந்துவைத்த புதியது ஒன்று. முதல் நாள் மாலை கொடியேற்றம், பிறகு தீவுக்குள்ளேயே சிலுவைப் பாதை, திருப்பலி, இரவில் தேர்பவனி. மறுநாள் காலை திருவிழாத் திருப்பலி, கொடியிறக்கம், உடனே படகு. தமிழோடு சிங்களத்திலும் வழிபாடு நடக்கும், தெற்கேயிருந்து சிங்களக் கத்தோலிக்கர்களும் வருவார்கள். நம் பக்கத்திலிருந்து சமீப ஆண்டுகளில் இரண்டாயிரத்திலிருந்து மூவாயிரத்துச் சொச்சம் பேர் போயிருக்கிறார்கள். அந்தப் பக்கத்துக் கூட்டத்தையும் சேர்த்துக் கணக்குப் போட்டுப் பாருங்கள், அவ்வளவு பேரும் அந்த மணலில்தான் இரவு தங்க வேண்டும்.

கடற்படை தண்ணீர், உணவு, தற்காலிகக் கழிப்பறை, மருத்துவ முகாம் எல்லாம் ஏற்பாடு செய்கிறது. ஆனாலும் அதை நம்பி வெறுங்கையோடு போகாதீர்கள். வரிசை நீளம். ஆளுக்கு மூன்று லிட்டர் தண்ணீர், பாலித்தீன் இல்லாமல், எவர்சில்வர் கேனில். கெடாத சோறு: புளிச்சோறு, எலுமிச்சைச் சோறு, சப்பாத்தி. முதல் நாள் தவக்கால வெள்ளி என்பதால் கவிச்சி கிடையாது. உப்பு–சர்க்கரைக் கரைசல் பொட்டலம் நான்கு, அம்மாவின் மாத்திரைகள் இரண்டு நாளுக்குப் பதில் நான்கு நாளுக்கு, இரண்டு தனித்தனிப் பையில். காற்று திரும்பிப் படகு தாமதமானால் இது புரியும். பகலில் நிழல் மிகக் குறைவு, பருத்தித் துண்டும் குடையும் வேண்டும். குடையைப் படகில் விரிக்காதீர்கள். இரவில் மணல் குளிர்ந்துவிடும், பனி இறங்கும், விரிப்புக்கு அடியில் ஒரு தார்ப்பாய்த் துண்டு போடுங்கள். டார்ச் கட்டாயம். போன் அங்கே இலங்கை டவரைப் பிடித்துக்கொண்டு ரோமிங்கில் காசு தின்னும், டேட்டாவை அணைத்துவிடுங்கள். கோயில் வாசலிலிருந்து பார்த்தால் தெரிகிற ஒரு இடத்தைக் குறித்துக்கொண்டு, பிரிந்துவிட்டால் அங்கே வந்து நிற்க வேண்டும் என்று ஏறும்போதே பேசி வையுங்கள்.

இப்போது அம்மா போகலாமா என்பது. ஆறு மாதத்துக்குள் மாரடைப்பு, மூளைப் பக்கவாதம், எலும்பு முறிவு, டயாலிசிஸ் என்று எது இருந்தாலும் வேண்டாம் என்றே சொல்வேன். அங்கிருந்து நல்ல ஆஸ்பத்திரி மூன்று மணி நேரக் கடல் தூரம். சர்க்கரை, அழுத்தம் கட்டுக்குள் இருந்து, வீட்டு மாடிப்படியைக் கைப்பிடி இல்லாமல் ஏறி இறங்கக்கூடியவர் என்றால் தாராளமாகப் போகலாம், அவரைவிட வயதானவர்களும் போகிறார்கள். மொட்டை போடுவதாக நேர்ந்திருந்தால் அதைக் கரையில் முடித்துக்கொண்டு போங்கள். தண்ணீர் இல்லாத இடத்தில் தலைமுழுக வழியில்லை, உப்புக் காற்றில் வெட்டுக்காயம் எரியும். மெழுகுதிரி, உப்பு–மிளகுக் காணிக்கையில் சிக்கல் ஒன்றும் இல்லை.

போக முடியாமல் போனால் நேர்ச்சை என்னாகும் என்று பயப்படுகிறவர்களுக்கு: திருச்சபைச் சட்டத் தொகுப்பே இதற்கு வழி வைத்திருக்கிறது. 1196ஆம் சட்டப்படி தனிப்பட்ட நேர்ச்சையிலிருந்து விடுவிக்கப் பங்குத்தந்தைக்கே அதிகாரம் உண்டு, நியாயமான காரணம் இருந்தால் போதும். 1197ஆம் சட்டப்படி அதற்குச் சமமான அல்லது அதைவிட மேலான நற்செயலாக, நேர்ந்தவரே மாற்றிக்கொள்ளலாம். உவரி அந்தோணியாருக்கோ புளியம்பட்டி அந்தோணியாருக்கோ போய் வருவதாக அம்மா மாற்றிக்கொண்டால் அது குறையாகாது. இது என் கருத்து இல்லை, சட்டம். முதுநகர்ப் பங்குத்தந்தையிடம் ஐந்து நிமிஷம் பேசினால் அம்மாவின் மனம் ஆறும்.

தீவைப் பற்றி உலவும் கதைகளில் எது நிற்கும், எது நிற்காது என்றும் கேட்டிருந்தீர்கள். ராமநாதபுரம் சேதுபதிகளின் ஜமீனோடு தீவு சேர்த்துப் பேசப்பட்டதும், சாயவேர் எடுப்பதற்கு அவர்கள் தீவுகளைக் குத்தகைக்கு விட்டதும், 1921இல் இரண்டு பக்கத்து ஆங்கில அரசுகளும் எல்லை பேசியபோது இத்தீவு பிரச்சினையானதும், இரண்டாம் உலகப் போரில் குண்டுவீச்சுப் பயிற்சிக்குப் பயன்பட்டதும் ஆவணத்தில் இருப்பவை. 14ஆம் நூற்றாண்டில் எரிமலை வெடித்துத் தீவு பிறந்தது என்பது இணையம் முழுக்க ஓடுகிறது. அந்தக் கடலில் இருக்கும் தீவுகள் சுண்ணாம்புக் கல்லும் பவளமும் மணலும், எரிமலைப் பாறை இல்லை. அதை நம்பக் காரணம் எனக்குத் தெரியவில்லை. பழைய கோயிலைத் தொண்டிக்குப் பக்கத்து நம்புதாளை மீனவர் ஒருவர் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டினார் என்பது இரண்டு கரையிலும் சொல்லப்படுவது. அவர் பெயரை ஒருவர் சீனிவாசப் படையாட்சி என்கிறார், இன்னொருவர் வேறு விதமாகச் சொல்கிறார், ஆண்டும் ஆளுக்கொன்று. மீனவர் கட்டிய கோயில் என்பதுவரை தயங்காமல் சொல்லலாம். யாருக்குச் சொந்தம் என்ற வாதம் தமிழ்நாட்டில் ஓயவில்லை, 2025 ஏப்ரல் 2இல்கூடச் சட்டமன்றம் தீர்மானம் போட்டது. அதே ஆண்டு செப்டம்பரில் இலங்கை ஜனாதிபதி அங்கே போய் இறங்கினார். அரசியல் சூடாகும் ஆண்டில் சோதனையும் கூடும் என்பதற்காக மட்டும் இதைச் சொல்கிறேன்.

கடைசி நேரத்தில் பயணம் ரத்தாவதற்கும் தயாராக இருங்கள். 2017இல் விழாவுக்குச் சில நாள் முன்பு இளம் மீனவர் ஒருவர் கடலில் சுட்டுக் கொல்லப்பட்டதைக் கண்டித்தும், 2024இல் நம் மீனவர்களுக்கு இலங்கையில் சிறைத் தண்டனை விதித்ததை எதிர்த்தும் ராமேசுவரத்தார் படகு எடுக்கவில்லை. அவர்கள் படகு, அவர்கள் உயிர், அவர்கள் முடிவு. கட்டணம் கட்டியாயிற்றே என்று ஜெட்டியில் போய்ச் சண்டை போடாதீர்கள். ரத்து செய்யக்கூடிய அறை, திருப்பித் தரும் டிக்கெட் என்று ஏற்பாடு செய்தால் நட்டம் சிறிது. கிளம்புவதற்கு முந்தைய நாள் காலை வேர்க்கோட்டுக்குப் போன் போட்டு, படகு எண்ணும் ஜெட்டிக்கு வரவேண்டிய நேரமும் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். திரும்பும்போது அந்தப் பக்கத்து யாத்திரிகர்கள் கொடுக்கும் தேங்காய் எண்ணெய், சோப்பு வீட்டுத் தேவைக்கு இரண்டு மூன்று என்றால் சுங்கத்தில் பெரிதாகக் கேட்கமாட்டார்கள். அட்டைப்பெட்டியாகக் கொண்டுவந்தால் உங்கள் ஒருவருக்காகப் படகில் இருக்கும் எல்லாரும் வெயிலில் காத்திருக்க நேரும்.